மூணு நாள் கன்வென்ஷன்ல நாற்காலி காலி: நிறுத்தவா, மாத்தவா?

மேல்புறம் செயலர் (கேள்வி)

எல்லாருக்கும் ஸ்தோத்திரம். களியக்காவிளைப் பக்கத்து சி.எஸ்.ஐ. (தென்னிந்தியத் திருச்சபை) சபைக் கமிட்டி ஒண்ணுக்காகக் கேக்கேன். வருசா வருசம் பிப்ரவரியில் மூணு நாள் கன்வென்ஷன் (பந்தல் போட்டு நடத்துற பிரசங்கக் கூட்டம்), மே மாசம் ஆலயப் பிரதிஷ்டைப் பண்டிகையும் அசனமும் (சபை சேர்ந்து சாப்பிடுற விருந்து) உண்டு. அசனத்துக்குப் பந்தி போட்டு மாளாது. கன்வென்ஷனுக்கோ 500 நாற்காலி போட்டா 150 நிறைஞ்சாலே பெரிசு. மீதிப்பேர் வீட்டில் இருந்து யூடியூபில் பாக்காங்க, அதுவும் பாதிச் செய்தியில் (பிரசங்கத்தில்) வேற சானலுக்குப் போயிடுறாங்க. செலவில் முக்கால் பங்கு பந்தல், சவுண்டு, பிரசங்கம் பண்ற செய்தியாளர்னு மூணு வகைக்கே போகுது.

வாலிபர் சங்கம் "நிறுத்திட்டு அந்தப் பணத்தைப் படிப்பு உதவிக்குக் குடுங்க" என்கிறது. மூத்தவங்க "நாலு ஊர் கூடுற ஒரே இடம் இதுதான், இதையும் விட்டா சபை ஞாயித்துக்கிழமை ஒண்ணரை மணி நேரத்தோட முடிஞ்சிரும்" என்கிறாங்க. ரெண்டு பக்கமும் நியாயம் இருக்கு. கூடவே, குடும்பங்களில் பாதி எல்லை தாண்டிக் கேரளத்துப் பாறசாலைப் பக்கம். அங்கத்தப் பிள்ளைகளுக்குத் தமிழ் பேசினா ஓரளவு புரியும், வாசிக்கத் தெரியாது.

பெரிய கூட்டம் பழைய காலத்தில் பார்த்த வேலைகளில் எது இன்னும் அதுக்கு மிச்சம் இருக்கு? அதை வச்சுக் கூட்டத்தை மாத்தினா சட்டம், சவுண்டு, சாப்பாடு, கணக்கு இதுகளில் எங்கே வழுக்கும்? பிரசங்கம் வேண்டாம், வேலை தெரிஞ்சவங்க சொல்லுங்க.

வடசேரி ஏடு

செயலர் ஐயா, கன்வென்ஷன் என்ற வடிவத்துக்கு முன்பே நம் பகுதியில் பெரிய கூடுகை இருந்தது. அது பார்த்த வேலை வேறு. அதிலிருந்து தொடங்கினால்தான் எது கழன்று போனது என்று தெரியும்.

மிஷனரி ரிங்கல்தௌபே மயிலாடிக்கு வந்தது 1806. அங்கே ஆலயம் எழுந்தது 1809. அவருக்குப் பின் மிஷனரி மீட் 1818-ல் நாகர்கோவிலுக்கு வந்து, பிறகு நெய்யூரையும் மையமாக்கினார். அந்தத் தென் திருவிதாங்கூரில் யார் எந்த வழியில் நடக்கலாம், எதை உடுக்கலாம், எந்தச் சந்தைக்குள் நுழையலாம் என்பதெல்லாம் சாதிக் கணக்கு. கூலியில்லாக் கட்டாய வேலைக்கு ஆள் பிடிப்பார்கள், அதற்குப் பெயர் ஊழியம். ஞாயிற்றுக்கிழமை கிறிஸ்தவர்களை அதற்குப் பிடிக்கக் கூடாது என்று மிஷனரிகள் வாதாடிப் பெற்ற விலக்குதான், வாரத்தில் ஒரு நாளைக் கூடும் நாளாக்கியது. ஆராதனைக்கு வந்தவர்கள் அந்த ஒரு நாள் தங்கள் நேரத்துக்குத் தாங்களே சொந்தக்காரர்கள்.

பெண்கள் மேலாடை உடுக்கும் உரிமைக்கான தோள்சீலைக் கலகம் 1822-ல் தொடங்கி விட்டுவிட்டு நடந்தது. 1858–59-ல் அது முற்றியபோது ஆலயங்களும் பள்ளிக்கூடங்களும் எரிக்கப்பட்டன. ஆட்கள் கூடுகிற கட்டடத்தையே ஏன் குறிவைத்தார்கள் என்று யோசித்தால், அந்தக் கூடுகையின் எடை புரியும். மேலாடைக்கு அனுமதி தந்த 1859 ஜூலை 26 பிரகடனம் அதன் பிறகு வந்தது. 1855-ல் அடிமை முறை ஒழிப்பு, மிஷனரியின் மனைவி மார்த்தா மால்ட் நாகர்கோவிலில் பெண்பிள்ளைகளுக்கு நடத்திய உறைவிடப் பள்ளி, அங்கே தொடங்கிய லேஸ் பின்னல், அதில் பெண் கையில் வந்த சொந்தக் காசு எல்லாமே இந்த ஞாயிற்றுக் கூட்டத்தைச் சுற்றித்தான் சுழன்றன. சபைக்குள் சாதி ஒழிந்துவிட்டது என்று யாரும் மார்தட்ட வேண்டாம். பல இடங்களில் ஒரே ஊரில் ரெண்டு ஆலயம் எழுந்த கதை எல்லாருக்கும் தெரியும். சமபந்தி அசனத்துக்கு அத்தனை மதிப்பு வந்ததும் அதனால்தான்.

கன்வென்ஷன் வேறு குடும்பம். 1888-ல் தொடங்கிய மார்த்தோமா சுவிசேஷ சங்கம் 1895-ல் கேரளத்து மாராமண்ணில் பம்பை ஆற்று மணற்பரப்பில் பந்தல் போட்டது. (மார்த்தோமாக்காரர்கள் தங்களைப் புராட்டஸ்டன்ட் என்று சொல்லிக்கொள்ள மாட்டார்கள். சீர்திருத்தப்பட்ட சுறியானி சபை அது. ஆனாலும் தென்னிந்தியாவில் நம் கூட்டங்களுக்கெல்லாம் அச்சு அங்கிருந்து வந்ததுதான்.) ஆற்று மணலில் ஓலைப்பந்தல், எட்டு நாள், வெளியூர்ச் செய்தியாளர், யாரும் வரலாம், எந்தச் சபை என்று கேட்பதில்லை. அமெரிக்க மிஷனரி ஸ்டான்லி ஜோன்ஸ் போன்றவர்கள் பல வருடம் தொடர்ந்து வந்து பேசிய மேடை. ரேடியோ பரவாத நாளில் உலகச் செய்தி, மதுவிலக்கு, மிஷன் நிதி, பெண் பார்ப்பது, நிலத் தகராறு பேசித் தீர்ப்பது எல்லாம் அந்த மணலில் நடந்தன.

நம் பக்கம் இன்னொரு வேலையும் சேர்ந்தது. 1956 நவம்பர் 1-ல் விளவங்கோடு தாலுகா தமிழ்நாட்டுக்கு வந்தது, நெய்யாற்றின்கரை தாலுகா கேரளத்தில் நின்றது. 1959-ல் சி.எஸ்.ஐ. பேராயமும் (ஒரு பிஷப்பின் கீழ் உள்ள சபைகள்) கன்னியாகுமரி, தென் கேரளம் என்று ரெண்டாகப் பிரிந்தது. அதற்குப் பிறகு அக்கரை அத்தையும் இக்கரை மருமகளும் சந்திக்கிற இடமாக நின்றது கன்வென்ஷன்தான்.

எழுபது, எண்பதுகளில் நட்சத்திரச் செய்தியாளர் காலம் வந்தது. இயேசு அழைக்கிறார் டி.ஜி.எஸ். தினகரன் (1935–2008) கூட்டம் என்றால் ஊரே லாரி பிடித்துப் போனது. அன்றைக்கே உள்ளூர்க் கன்வென்ஷனின் கதை பாதி முடிந்தது. செய்திதான் சரக்கு என்று ஆனபின், நல்ல சரக்கு டிவிக்கும், பிறகு போனுக்கும் போகும். உள்ளூர் மேடையில் நான்காம் தரச் செய்தியைக் கேட்கக் குளிரில் யார் உட்காருவார்கள்? கல்யாணப் பேச்சு மேட்ரிமோனிக்குப் போனது, ஊர்ச் சேதி வாட்ஸாப்புக்குப் போனது, உரிமைப் பேச்சு கோர்ட்டுக்கும் கட்சிக்கும் போனது. மிச்சம் இருப்பது உடம்போடு வந்தால்தான் நடக்கிறவை: சேர்ந்து சாப்பிடுவது, சேர்ந்து பாடுவது, ஊரைவிட்டுப் போனவர்கள் திரும்பி வந்து முகம் பார்ப்பது. உங்கள் அசனம் நிறைவதும் கன்வென்ஷன் காலியாவதும் ஒரே காரணத்தால்தான்.

எல்லைச் சபை

வடசேரி அண்ணன் வரலாறு சரி, முடிவில் கொஞ்சம் மாற்றுக் கருத்து. கூட்டம் குறையவில்லை, இடம் மாறியிருக்கிறது. கேரளத்துக் கும்பநாட்டில் இந்தியப் பெந்தெகொஸ்தே சபை கன்வென்ஷனுக்கு இன்றைக்கும் ஜனம் வருகிறது. பாறசாலையிலிருந்து அமரவிளை வரை உபவாச ஜெபம் நடக்கும் மண்டபங்களில் வெள்ளிக்கிழமை பகலில் போய் நின்று பாருங்கள், செருப்பு விட இடம் இருக்காது. அங்கே என்ன கிடைக்கிறது? பெயர் சொல்லி ஜெபிக்கிறார்கள். மேடையில் சாட்சி சொல்ல, உபதேசி அல்லாதவருக்கும் ரெண்டு நிமிடம் கிடைக்கிறது. கடன், குடி, பிள்ளை இல்லாத வருத்தம் எல்லாவற்றையும் வாய்விட்டுச் சொல்லலாம். சி.எஸ்.ஐ. கன்வென்ஷனில் வரவேற்புரை, வாழ்த்துரை, பொன்னாடை முடியவே முக்கால் மணி நேரம்.

இந்த வகைக் கூட்டத்தில் ரெண்டு குழி உண்டு. ஒன்று, போஸ்டரில் நோயின் பெயரைப் போட்டுக் "குணமாகும்" என்று அச்சடிப்பது. 1954-ம் வருட மருந்து, மந்திர நிவாரண விளம்பரச் சட்டத்தின்படி அது வழக்காகலாம். "நோயாளிகளுக்காக ஜெபிக்கப்படும்" என்பதோடு நிறுத்துங்கள். இன்னொன்று இதைவிட மோசம்: ஜெபித்துவிட்டு மருந்தை நிறுத்துவது. இன்சுலினையோ வலிப்பு மாத்திரையையோ பட்டென்று விட்டால் ரெண்டு மூணு நாளிலேயே ஆஸ்பத்திரி வாசலில் நிற்க வேண்டியிருக்கும். காசநோய் மருந்தைப் பாதியில் விட்டால் அடுத்த முறை அந்த மருந்து கேட்காமல் போகும். "டாக்டர் சொல்லாமல் மருந்தை நிறுத்தாதீர்கள்" என்று மேடையிலிருந்தே சொல்ல வேண்டும். கைப்பிரதியில் போட்டால் யாரும் படிக்க மாட்டார்கள்.

புதிதாக வந்த வேலை ஒன்று உண்டு, அதைப் பெரிய சபைகள் இன்னும் கவனிக்கவில்லை. எல்லைக்கு அந்தப் பக்கம் கட்டட வேலைக்கும் பிளைவுட், செங்கல் வேலைக்கும் வங்காளம், அசாம், ஒடிசா பையன்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். அவர்களில் கிறிஸ்தவர்களும் உண்டு. அவர்களுக்கு ஞாயிறு காலை துணி துவைத்து, சாமான் வாங்கும் நேரம். பிற்பகல் 3 மணிக்கு மேல் இந்தி ஆராதனை வைத்தால் வருவார்கள். கேரளத்தில் வெளிமாநிலத் தொழிலாளருக்கான ஆவாஸ் காப்பீட்டில் பேர் சேர்ப்பது, சொந்த ஊர் ரேஷன் அட்டையை இங்கே பயன்படுத்துவது, சம்பள பாக்கிக்கு லேபர் ஆபீசில் மனு எழுதுவது, இதற்கெல்லாம் ஒரு மேசை போடலாம். ஆனால் அந்த மேசை ஆராதனை நடக்கும் ஹாலுக்குள் இருக்கக் கூடாது, வேறு நாளில் இருக்க வேண்டும், எந்த மதத்தவரும் வரலாம் என்று போர்டு எழுதியிருக்க வேண்டும். உதவியையும் ஆராதனையையும் ஒரே மணியில் நடத்தினால் ஆள் பிடிக்கிறார்கள் என்ற பேச்சு வரும், அந்தப் பேச்சில் பாதி நியாயமும் இருக்கும்.

மார்த்தாண்டம் சவுண்டு

சவுண்டு, பந்தல், லைவ் பற்றி மட்டும்.

முதலில் பந்தலைச் சுருக்குங்க. நாற்காலி 55 செ.மீ. அகலம், வரிசைக்கு வரிசை 90 செ.மீ., நடைவழியும் சேர்த்தா ஒரு ஆளுக்கு முக்கால் சதுர மீட்டர்னு கணக்கு வைக்கலாம். 500 பேருக்கு 40-க்கு 100 அடி, 200 பேருக்கு 40-க்கு 40 அடி போதும். 500 நாற்காலியில் 150 பேர் உக்காந்தா எல்லாரும் பின்வரிசையில் ஒதுங்குவாங்க, பேசுறவர் காலி நாற்காலிகளைப் பார்த்துக் கத்துவார், நீங்க வால்யூமைக் கூட்டுவீங்க. 200 போட்டு, தேவைப்பட்டா அடுக்கிலிருந்து எடுத்துப் போடுங்க. நடுவில் ஒன்றரை மீட்டர் வழி, மூணு பக்கமாவது திறப்பு. மே மாசக் கூட்டம்னா சாயங்காலம் இடிமழை வரும். தட்டையாப் போட்ட தார்பாயில் தண்ணி தேங்கி, தொப்பையாத் தொங்கி, கம்பு சாயும். ஒரு பக்கம் ரெண்டடியாவது சரிவு குடுக்கச் சொல்லுங்க.

மின்சாரம்: சவுண்டு, லைட், ஃபேன் எல்லாம் சேர்ந்து 8 கிலோவாட்டுக்குள் அடங்கும்னா 15 கே.வி.ஏ. ஜெனரேட்டர் போதும். மெயினில் 30 மில்லி ஆம்பியர் இ.எல்.சி.பி. (கரண்ட் கசிஞ்சா உடனே அணைக்கிற சுவிட்ச்) இல்லாத பந்தல்காரனை ஏத்தாதீங்க. ஈரத் தரையில் மைக் ஸ்டாண்டைத் தொட்டவருக்கு ஷாக் அடிக்கிறது பெரும்பாலும் எர்த் இல்லாததாலதான்.

சட்டம்: 2000-ம் வருட ஒலி மாசு விதிப்படி இரவு 10 முதல் காலை 6 வரை திறந்த வெளியில் ஒலிபெருக்கி கூடாது. பண்டிகைக்காக மாநில அரசு 12 மணி வரை தளர்த்தலாம், அதுவும் வருசத்துக்கு 15 நாள்தான், அந்த நாள்களை அரசுதான் அறிவிக்கணும். கமிட்டி தானா முடிவு பண்ண முடியாது. குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55 டெசிபல், இரவில் 45. ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம், கோர்ட்டைச் சுத்தி 100 மீட்டர் அமைதி மண்டலம். அனுமதி உள்ளூர்க் காவல்துறையில், எழுத்தில் வாங்கணும். தமிழ்நாட்டில் அந்தக் காகிதத்திலேயே கூம்பு வடிவக் குழாய் கூடாதுன்னு இருக்கும், அதைப் படிக்காமலே தென்னையில் குழாயைக் கட்டுறதுதான் வழக்கம். கேரளப் பக்கம் ரோட்டோரக் கூட்டத்துக்கும் பவனிக்கும் 2011-ல் வந்த தனிச் சட்டம் உண்டு, இங்கே வாங்கின அனுமதி பாறசாலையில் செல்லாது. பவனி எல்லையைத் தாண்டுதுன்னா ரெண்டு ஸ்டேஷனிலும் காகிதம் வேணும். போன் ஆப்பில் டெசிபல் பார்த்துட்டு வாதாடாதீங்க, போனுக்குப் போன் மாறும்.

குழாயை எடுத்துட்டா பின்னால கேக்காதேன்னு பயம். அதுக்கு வழி சின்னச் சின்ன பாக்ஸ், நிறைய இடத்தில். மேடையில் ஒரு ஜோடி, நீளமான பந்தல்னா 15 மீட்டர் தள்ளி இன்னொரு ஜோடி. ஆனா பின் ஜோடிக்கு டிலே (சத்தத்தைக் கொஞ்சம் தாமதிச்சு விடுறது) வைக்கணும். சத்தம் ஒரு மீட்டர் போக ஏறக்குறைய 3 மில்லி செகண்டு, 15 மீட்டருக்கு 45. அதை மிக்சரில் போடலைன்னா பின்வரிசைக்காரங்களுக்கு ஒரு வார்த்தை ரெண்டு வாட்டி விழும், அவங்க "சவுண்டு பத்தல" என்பாங்க, நீங்க இன்னும் ஏத்துவீங்க. நோய் வேற, மருந்து வேற.

லைவ்: பந்தலுக்குப் போற மெயின் அவுட்டையே போனுக்குள் விடுறதுதான் எல்லாரும் பண்றது. பந்தலில் டிரம்ஸ் நேராவே காதில் விழும், அதனால மெயினில் அதைக் குறைச்சு வச்சிருப்போம். வீட்டில் பாக்கிறவருக்கு டிரம்ஸ் கேக்கவே கேக்காது. மிக்சரில் ஆக்ஸ்னு இருக்கிற தனி அவுட்டில் வேற மிக்ஸ் எடுங்க, ஆளுங்க பாடுற சத்தத்துக்கு ஒரு மைக்கைப் பந்தல் பக்கம் திருப்பி வையுங்க. 720-க்கு அப்லோடு 4 எம்.பி. ஓடினாப் போதும், ஆனா கையிருப்பு 10 இருக்கணும், அது ஃபைபர் லைனா இருக்கணும். கூட்டம் கூடினதும் டவர் திணறும், சிம் டேட்டாவை நம்பி இறங்கினா முதல் பாட்டிலேயே வட்டம் சுத்தும்.

என் யோசனை: முழுக் கூட்டத்தையும் லைவ் விடாதீங்க. நடக்க முடியாதவங்களுக்கு லிங்க் தனியா அனுப்புங்க. மத்தவங்களுக்கு மறுநாள் செய்தி 30 நிமிசம் மட்டும் வெட்டிப் போடுங்க. வீட்டில் உக்காந்து மூணு மணி நேரமும் பாக்கலாம்னா யார் எழுந்து வருவா?

அசன அடுப்பு

யூடியூப் யூடியூப்னு சொல்லுறீங்க, பெண்கள் ஏன் வரலேன்னு யாராவது கேட்டீங்களா தம்பி? கூட்டம் ஏழு மணிக்குத் தொடங்கி ஒன்பதரைக்கு முடிஞ்சா, உள்ரோட்டுக்குப் போற கடைசி பஸ் போயிருக்கும். வீட்டில் படுத்த கிடையில் ஒரு மாமியார், காலையில் ரப்பர் வெட்டப் போற ஆளுக்கு நாலு மணிக்குக் கட்டன் காப்பி போடணும். இதில் எவ வருவா? மாராமண்ணிலேயே இரவுக் கூட்டத்தில் பெண்களுக்கு இடமில்லாத வழக்கம் ரொம்ப நாள் இருந்து, 2017 வாக்கில் அது பெரிய பேச்சாகி, அப்புறம் மாலைக் கூட்டத்தை முன்னாடி தள்ளினாங்க. நீங்களும் அஞ்சு மணிக்குத் தொடங்கி ஏழுக்கு முடியுங்க. பெண்களுக்குக் கக்கூஸ் ஐம்பது பேருக்கு ஒண்ணு, உள்ளே கொக்கி, பக்கத்தில் வெளிச்சம், வாளியில் தண்ணி. ஆலயத்துப் பின்னால இருட்டில் ஒரே ஒரு கதவில்லா அறையை வச்சிட்டுப் பெண்கள் வருகை குறைவுன்னு அறிக்கை எழுதக் கூடாது.

அசனத்துக்கு வருவோம். 600 பேருக்குக் கணக்கு: சம்பா அரிசி 75 கிலோ, அதாவது நூறு பேருக்குப் பன்னிரண்டரை. சாம்பாருக்குத் துவரம் பருப்பு நூறுக்கு இரண்டரை முதல் மூணு கிலோ. கோழின்னா எலும்போட நூறுக்கு 14, 15 கிலோ. கோழிக்கறி இருந்தா சாம்பாரைப் பாதியாக் குறைக்கலாம், யாரும் தேட மாட்டாங்க. குடிக்கத் தண்ணி ஆளுக்கு ஒரு லிட்டர், மே மாசம்னா ஒன்றரை. கேஸ் வைக்கிறீங்கன்னா 19 கிலோ வணிக சிலிண்டர்தான், வீட்டுச் சிலிண்டரைத் தூக்கிட்டு வரக் கூடாது.

பந்திக்கு 120 பேர், இலை போட்டு எடுக்க 25 நிமிசம், அஞ்சு பந்தின்னா ரெண்டு மணி நேரம் தாண்டும். பன்னிரண்டு பேருக்கு ஒரு பரிமாறுறவர், அப்புறம் இலை எடுக்கத் தனி ஆள். பரிமாறுன கையே இலை எடுத்தா அடுத்த பந்தி தாமசிக்கும், வயிறும் கெடும்.

வயிறு கெடுறது பெரும்பாலும் கறியால்னு நினைப்பாங்க. சோறும் கெடுக்கும். பெரிய அண்டாவில் வெந்த சோத்தை மூடி வச்சா மேலே ஆறினாலும் நடுவில் வெதுவெதுன்னு இருக்கும், நாலு மணி நேரத்தில் அதில் நஞ்சு ஊறும், திருப்பிச் சூடாக்கினாலும் அது போகாது. அதான் பழையவங்க வடிச்ச சோத்தைப் பாயில் கொட்டிப் பரத்துனாங்க. ஒரே தடவையா 75 கிலோவையும் வடிக்காம, ரெண்டு பந்திக்கு ஒரு தடவை வடியுங்க. கோழியை ராத்திரியே வெட்டி வைக்க வேண்டாம், விடியக்காலம் எடுங்க, வாங்கினதும் ஐஸில் வையுங்க, பச்சைக் கறி வெட்டின பலகையில் வெள்ளரிக்காய் நறுக்கக் கூடாது. ஒவ்வொண்ணிலும் ஒரு கிண்ணம் எடுத்து ஃப்ரிட்ஜில் ரெண்டு நாள் வையுங்க. யாருக்காவது முடியாமப் போனா எது காரணம்னு அதை வச்சுத்தான் கண்டுபிடிக்க முடியும்.

கூட்டத்தோட பழைய முகத்தைப் பாக்கணும்னா அறுப்பின் பண்டிகையில் காணிக்கைப் பொருளை விக்கிற ஏலத்தைப் பாருங்க. சட்டிக்குள் கால் கட்டின சேவல், வாடாத ஏத்தங்குலை, பலாப்பழம், ஒரு கிழவி கொண்டு வந்த ஆறு முட்டை. முட்டையை ஒருத்தர் ஐநூறுக்கு எடுத்து, சபைக்கே திருப்பிக் குடுப்பார், அது மறுபடி ஏலத்துக்கு வரும். கடைசியில் அந்தக் கிழவி முட்டைதான் கூடுதல் காசு கொண்டு வந்ததுன்னு எல்லாரும் அவளைத் திரும்பிப் பாப்பாங்க. இப்ப வளைகுடாவிலிருந்து வீடியோ காலில் ஏலம் கேக்காங்க, வீட்டுக்காரங்க போனைத் தூக்கிப் பிடிக்காங்க. கூடுதல் காசு வருது, சரிதான். ஆனா ஊரில் இருக்கிற ஏழை மூணாவது கேள்வியிலேயே வாயை மூடிடுறான். அதனால முதல் பத்து பொருளை ஆலயத்தில் இருக்கிறவங்களுக்கு மட்டும்னு வையுங்க. போன் ஏலம் அதுக்கப்புறம்.

கணக்குப் பிள்ளை

அக்கா சொன்ன ஏலத்தில்தான் கணக்கு அதிகம் கெடும். கேட்ட விலை ஒன்று, கையில் வந்தது வேறு. ஏலப் பாக்கி அடுத்த வருடம் வரை நீண்டு, கமிட்டித் தேர்தலில் சண்டையாக வெடிக்கும். ஏலம் கூறுபவர் வேறு, எழுதுபவர் வேறு, வாங்குபவர் வேறு என்று மூன்று ஆள் வேண்டும். பொருள், பெயர், போன், தொகை ரெண்டு நோட்டில் எழுதி, அன்றைக்கே ஒத்துப்பார்த்து, இருவர் கையெழுத்திட வேண்டும். பாக்கிப் பட்டியலை ஆலயச் சுவரில் ஒட்டாதீர்கள், ஆளை இழப்பீர்கள். போனில் தனியாக ஞாபகப்படுத்தினால் பெரும்பாலும் வந்துவிடும்.

வெளிநாட்டுப் பணத்தில் கவனம். வளைகுடாவில் வேலை செய்யும் நம் ஆள் இந்தியப் பாஸ்போர்ட் வைத்திருந்தால், தன் சம்பாத்தியத்தை வங்கி வழியாக அனுப்புவது வெளிநாட்டுப் பங்களிப்பாகாது. அதே குடும்பத்தில் அமெரிக்கக் குடியுரிமை வாங்கிவிட்டவர் அனுப்பினால் ஆகும், அவரிடம் ஓ.சி.ஐ. அட்டை (இந்திய வம்சாவளி வெளிநாட்டவருக்கான அட்டை) இருந்தாலும் சரி. அந்தப் பணத்துக்கு எப்.சி.ஆர்.ஏ. (வெளிநாட்டுப் பங்களிப்பு ஒழுங்குமுறைச் சட்டம்) பதிவு வேண்டும், முதலில் டெல்லி ஸ்டேட் வங்கி முதன்மைக் கிளைக் கணக்கில்தான் விழ வேண்டும். ஏலத்தில் வீடியோ காலில் கேட்பவர் எந்த நாட்டுப் பாஸ்போர்ட் என்று யாரும் கேட்பதில்லை, கேட்டே ஆக வேண்டும். ரொக்கமாக ஒருவரிடம் ஒரே நாளில் 2 லட்சமோ அதற்கு மேலோ வாங்கக் கூடாது, காணிக்கை என்றாலும் இந்த விதி உண்டு.

மேடையைப் பற்றி ஒரு வார்த்தை. தேர்தல் வருடத்தில் கன்வென்ஷன் வந்தால் வேட்பாளர் சால்வையோடு வந்து நிற்பார். மத நிறுவனங்கள் பற்றிய 1988-ம் வருடச் சட்டம் வழிபாட்டு இடத்தை அரசியல் வேலைக்கு விடக் கூடாது என்கிறது, தேர்தல் நடத்தை விதியும் அதையேதான் சொல்கிறது. வந்தவரை எல்லாரையும் போல நாற்காலியில் உட்கார வையுங்கள், மைக் கொடுக்க வேண்டாம். ஒருவருக்குக் கொடுத்தால் அடுத்தவருக்கு இல்லை என்று சொல்ல முடியாது. ஓட்டு வங்கியாகப் பார்க்கப்படுவதும் பெரிய கூட்டத்தின் இன்றைய வேலைகளில் ஒன்றுதான், அதைக் கமிட்டி ஒத்துக்கொள்ளக் கூடாது.

வாலிபர் சங்கத்துக்கு: கன்வென்ஷனை நிறுத்தினால் அந்தப் பணம் மிச்சமாகும் என்று நினைப்பது தவறு. அது கூட்டத்துக்கென்று வரும் பணம். கூட்டம் இல்லையென்றால் வராது. படிப்பு உதவிக்கென்று தனிக் காணிக்கை ஒரு நாள் வைத்து, யாருக்கு எவ்வளவு போனது என்று பேர் சொல்லாமல் எண்ணிக்கையை அறிவித்தால் ரெண்டும் நடக்கும்.

மேல்புறம் செயலர்

ரொம்ப உபகாரம். கமிட்டியில் இப்படி வைக்கலாம்னு இருக்கேன்: மூணு நாளை ஒரு நாளாச் சுருக்குறது, சனிக்கிழமை அஞ்சு முதல் ஏழு வரை கூட்டம், மறுநாள் ஆராதனை முடிஞ்சு அசனம், ரெண்டையும் மே மாசத்துக்கே மாத்துறது. லீவில் வளைகுடாக்காரங்களும் பாறசாலைக் குடும்பங்களும் வர முடியும். நட்சத்திரச் செய்தியாளர் வேண்டாம், நம்ம ஆயரே போதும். மொழி விஷயம் யாரும் சொல்லலையே? மலையாளத்தில் மொழிபெயர்த்தா நேரம் இரட்டிக்கும்னு சிலர் பயப்படுறாங்க.

வடசேரி ஏடு

இரட்டிக்கும், அதனால் செய்தியைப் பாதியாக எழுதச் சொல்லுங்கள். 40 நிமிடம் என்றால் 20 நிமிடச் சரக்குதான் இருக்க வேண்டும். ஒரு மூச்சில் ஒரு வாக்கியம், எட்டுப் பத்து வார்த்தைக்கு மேல் போகக் கூடாது. வேத வசனத்தை மொழிபெயர்ப்பாளர் அந்த இடத்திலேயே பெயர்க்கக் கூடாது. வசனப் பட்டியலை ஆயர் முந்தின நாளே கொடுத்துவிட்டால், மலையாள வேதாகமத்தில் அடையாளம் வைத்து அப்படியே வாசிக்கலாம்.

பாட்டுக்கு மொழிபெயர்ப்பே தேவையில்லை. பாறசாலைப் பிள்ளைகளுக்குத் தமிழ் காதில் ஏறும், எழுத்துதான் தடை. தமிழ்க் கீர்த்தனையை மலையாள எழுத்தில் அடித்து, பெரிய எழுத்தாக ஒரு தாளில் நாலு பாட்டு போட்டால் கூடவே பாடிவிடுவார்கள். ற, ர, ழ வரும் இடங்களை மலையாளம் படிக்கத் தெரிந்த ஒருவரிடம் காட்டித் திருத்திய பிறகு பிரதி எடுங்கள்.

மார்த்தாண்டம் சவுண்டு

மொழிபெயர்ப்பாளருக்குத் தனி மைக் குடுங்க, ஒரே மைக்கைக் கைமாத்த விடாதீங்க. அவர் ஆயருக்குப் பக்கவாட்டில், ஆயர் வாய் தெரியுற மாதிரி நிக்கணும். ரெண்டு பேருக்கும் நடுவில் கீழே ஒரு மானிட்டர் (மேடையில் நிக்கிறவங்க கேக்குற ஸ்பீக்கர்) வையுங்க, அதில் ஆயர் குரல் மட்டும் போகட்டும்.

அப்புறம், பாட்டுத் தாளை 200 எடுத்தா 120-தான் திரும்பி வரும். கூடுதலா எடுத்து வையுங்க.